98 காட்டினால் சந்தோஷப்படாதீர்கள்

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். ரங்கூனில் இருக்கிற எங்களுக்கு உங்கள் பேப்பர் போனில்தான் வருகிறது, அதுவும் கரண்ட் இருந்து, நெட் கிடைத்து, மருமகள் எடுத்துக் கொடுத்தால். அப்படித்தான் போன வாரம் வாசகர் பகுதியில் வந்த அந்தக் கடிதத்தைப் படித்தேன். நாள்பட்ட நுரையீரல் அடைப்பு நோய், அதாவது சி.ஓ.பி.டி., இருந்த தன் பெரியப்பாவுக்கு மூச்சு மெஷின் வைக்க வேண்டும் என்று டாக்டர் சொன்னாராம். மெஷினில் போட்டால் ஆள் திரும்ப மாட்டார், பில்தான் திரும்பும் என்று சொந்தக்காரர்கள் எல்லாரும் சொன்னார்களாம். கையெழுத்துப் போட்டுக் கொடுத்துவிட்டு வீட்டுக்குக் கூட்டி வந்து ஆக்சிஜன் மட்டும் வைத்தார்களாம், அவரும் நிம்மதியாகத் தூங்கியபடியே போய்ச் சேர்ந்தாராம். 'மற்றவர்களும் இப்படியே செய்யுங்கள்' என்று கடைசியில் ஒரு யோசனை வேறு.

அவருடைய துக்கத்தில் குறுக்கே பேச நான் வரவில்லை. ஆனால் அந்தக் கடிதம் இங்கே எங்கள் ஆட்களின் வாட்ஸ்அப்பில் சுற்றோ சுற்று என்று சுற்றுகிறது. "பார்த்தீங்களா, பேப்பர்லயே போட்டுட்டான்" என்று எனக்கே இரண்டு பேர் அனுப்பிவிட்டார்கள். பேப்பரில் வந்துவிட்டால் அது டாக்டர் சொன்னதற்கு மேலே போய்விடுகிறது, அதனால்தான் இந்தப் பதில்.

நான் இந்த ஊரில் ஒரு தனியார் ஆஸ்பத்திரியின் ஐ.சி.யு.வில் நர்ஸாக வேலை பார்த்து ஓய்வு பெற்றவள். டாக்டர் இல்லை. ஆனால் அந்த மெஷின் பக்கத்தில் ராத்திரி முழுக்க நிற்பது நாங்கள்தான்.

அடிப்படையிலிருந்து வருகிறேன். ஆக்சிஜன் கொடுப்பதும் மூச்சு கொடுப்பதும் ஒன்றில்லை. நுரையீரலுக்கு இரண்டு வேலை இருக்கிறது: ஆக்சிஜனை உள்ளே எடுக்க வேண்டும், கரியமில வாயுவை வெளியே தள்ள வேண்டும். மூக்கில் குழாய் வைத்து ஆக்சிஜன் விட்டால் முதல் வேலைக்கு மட்டும்தான் உதவி. இரண்டாவது வேலை நெஞ்சு விரிந்து சுருங்கினால்தான் நடக்கும். சி.ஓ.பி.டி.காரர்களுக்குக் கோளாறே மூச்சை வெளியே விடுவதில்தான். வருஷக்கணக்கில் புகை பட்டுப் பட்டு மூச்சுக்குழாய்கள் வீங்கிச் சளி கட்டிக் கிடக்கின்றன, நுரையீரல் தன் இழுவையை இழந்துவிட்டது, மூச்சை விடும்போது சின்னக் குழாய்கள் மடங்கி மூடிக்கொள்கின்றன. உள்ளே போன காற்று முழுக்க வெளியே வருவதற்குள் அடுத்த மூச்சு வந்துவிடுகிறது. ரங்கூன் பஸ் மாதிரி, இறங்க வேண்டியவன் படிக்கு வருவதற்குள் பத்துப் பேர் ஏறிவிடுகிறார்கள். இப்படியே காற்று தங்கித் தங்கி நெஞ்சு உப்பி நின்றுவிடுகிறது, கீழே இருக்கிற உதரவிதானம் தட்டையாகிவிடுகிறது, தட்டையான தசைக்கு இழுக்க வலு கிடையாது. சாதாரண நாளில் எப்படியோ சமாளிக்கிறார்கள். ஒரு சளிக்காய்ச்சல் வந்தால் போதும், நிமிஷத்துக்கு முப்பது தடவை மூச்சு வாங்கி, ஒரு நாள் தாங்கும், ஒன்றரை நாள் தாங்கும், அப்புறம் தசை களைத்துப்போகும். களைத்தவுடன் கரியமில வாயு ஏறும், ரத்தத்தில் அமிலம் கூடும், தலை வலிக்கும், கை உதறும், பேச்சு குழறும். கடைசியாகத் தூக்கம் வரும்.

அந்த வாசகர் எழுதிய 'நிம்மதியான தூக்கம்' எனக்கு உறுத்துவது இதனால்தான். அவர் பெரியப்பாவை நான் பார்க்கவில்லை, அதனால் அடித்துச் சொல்ல மாட்டேன். ஆனால் இந்த நோய்க்காரர் மூச்சுத் திணறலுக்கு நடுவில் திடீரென்று அமைதியாகித் தூங்கினால், அது கரியமில வாயு மயக்கமா என்றுதான் முதலில் பார்க்க வேண்டும்.

2021 ஜூலையை இங்கே யாரும் மறக்க மாட்டார்கள். கொரோனாவின் மூன்றாவது அலையில் காலி சிலிண்டரைத் தூக்கிக்கொண்டு, நிரப்புகிற இடத்தில் ராத்திரி பகலாக வரிசையில் நின்ற ஊர் இது. அதற்குப் பிறகு கையில் காசு இருந்தவர்கள், அறைக் காற்றிலிருந்தே ஆக்சிஜனைப் பிரித்துக் கொடுக்கிற கான்சன்ட்ரேட்டர் மெஷின் வாங்கி வீட்டில் போட்டார்கள், இரவல் கொடுக்க வாங்கி வைத்த தர்ம சங்கங்களும் உண்டு. நல்ல காரியம்தான், குறை சொல்லவில்லை. ஆனால் கொரோனாவில் எல்லாரும் மனப்பாடம் செய்துகொண்ட விஷயம், விரலில் மாட்டுகிற கருவியில் ரத்த ஆக்சிஜன் சதவீதம் காட்டுகிற எண் குறைந்தால் ஆக்சிஜனைக் கூட்டு என்பது, சி.ஓ.பி.டி. தாத்தாவுக்கு அப்படியே செல்லுபடியாகாது.

இங்கே ரங்கூனில் தெயின்பியூ பக்கம் எனக்குத் தெரிந்த ஒரு வீடு. மளிகைக் கடை வைத்திருந்த பெரியவர், எழுபது தாண்டியவர். அவர் சுருட்டை விட்டு வெகுகாலம் ஆகிவிட்டது, சுருட்டு அவரை விடவில்லை. ஒருநாள் சாயந்தரம் மூச்சு வாங்குகிறது, கருவி 83 காட்டுகிறது, மருமகள் பதறிப்போய் கான்சன்ட்ரேட்டரை நிமிஷத்துக்கு 5 லிட்டருக்குத் திருப்பிவிட்டாள். கொஞ்ச நேரத்தில் 98. வீடே சந்தோஷப்பட்டது. ராத்திரி என்னைப் பார்க்கக் கூப்பிட்டபோது, "இப்பதான் அசந்து தூங்குறாரு, எழுப்பாதீங்க அக்கா" என்றார்கள். தோளைத் தட்டினேன், கண்ணைத் திறந்து பார்த்துவிட்டு மறுபடி மூடிக்கொண்டார். இரண்டு கையையும் முன்னால் நீட்டிப் பிடிக்கச் சொன்னால் மணிக்கட்டு படக் படக்கென்று விழுகிறது. இதுவா அசந்த தூக்கம்? ஆக்சிஜனைக் குறைத்து வைத்துக்கொண்டு அள்ளிப் போட்டுக்கொண்டு ஓடினோம். ரத்த வாயுப் பரிசோதனையில் கரியமில வாயு 90-ஐத் தொட்டிருந்தது. இருக்க வேண்டியது 35-லிருந்து 45 வரை. ரத்தத்தின் அமிலத்தைக் காட்டுகிற பி.எச். 7.2, இருக்க வேண்டியது 7.35-க்கு மேலே, எண் இறங்க இறங்க அமிலம் கூடுகிறது என்று அர்த்தம். விரல் கருவிக்கு இது எதுவும் தெரியாது, அது ஆக்சிஜனை மட்டும்தான் பார்க்கும்.

ஆக்சிஜன் கூடினால் ஏன் இப்படி ஆகிறது என்று கேட்பீர்கள். 'மூச்சு விடச் சொல்லி மூளையைத் தூண்டுவதே ஆக்சிஜன் குறைவுதான், அது நிறைந்துவிட்டால் மூளை சும்மா இருந்துவிடும்' என்று நாங்கள் படிக்கும் காலத்தில் சொல்லிக் கொடுத்தார்கள். அதில் கொஞ்சம் உண்மை உண்டு, ஆனால் அது மட்டும் காரணமில்லை. காற்று சரியாகப் போகாத நுரையீரல் பகுதிக்கு ரத்தம் வீணாகப் போகாமல் உடம்பு அங்கே ரத்தக் குழாயைச் சுருக்கி வைத்திருக்கும், ஆக்சிஜனை அள்ளி விட்டால் அந்தக் குழாய்கள் திறந்துகொண்டு ரத்தம் அந்தக் காற்றில்லாத பகுதிக்குப் போய்விடும். போதாததற்கு, ஆக்சிஜன் நிறைந்த ஹீமோகுளோபின் தான் சுமந்த கரியமில வாயுவை இறக்கி வைத்துவிடும். மூன்றும் சேர்ந்து ஆளை மயக்கத்தில் தள்ளும். அதனால்தான் இந்த நோய்க்காரர்களுக்கு இலக்கு 88-லிருந்து 92 வரை என்று வைத்திருக்கிறார்கள். 98 வந்தால் கைதட்ட வேண்டாம், ஆக்சிஜனைக் குறைக்க வேண்டும்.

இது என் சொந்தக் கருத்து இல்லை. ஆஸ்திரேலியாவின் தாஸ்மேனியா தீவில், ஹோபார்ட் ஊரில், ஆம்புலன்ஸில் வந்த 405 பேரை வைத்து ஒரு ஆராய்ச்சி செய்து 2010-ல் வெளியிட்டார்கள். சி.ஓ.பி.டி. உறுதியானவர்களில், வழக்கம்போல நிறைய ஆக்சிஜன் கொடுக்கப்பட்டவர்களில் 9 சதவீதம் பேர் இறந்தார்கள். 88 முதல் 92-க்குள் அளந்து கொடுக்கப்பட்டவர்களில் 2 சதவீதம். எந்தப் புது மருந்தும் இல்லை, அளவு மட்டும்தான் வித்தியாசம். அதே சமயம், இதைப் படித்துவிட்டு யாரும் போய் ஆக்சிஜனை ஒரேயடியாகப் பிடுங்கிவிடாதீர்கள், அது இன்னும் சீக்கிரம் ஆளைக் கொல்லும். 83-ல் இருக்கிறவருக்கு ஆக்சிஜன் வேண்டும், 90 வந்தால் போதும், அவ்வளவுதான்.

சரி, மெஷினுக்கு வருகிறேன். இதில் இரண்டு வகை இருக்கிறது, அந்த வாசகர் கடிதத்தில் இரண்டும் ஒன்றாகக் குழம்பிக் கிடக்கிறது. ஒன்று, மூக்கையும் வாயையும் மூடுகிற மாஸ்க் வழியாகக் காற்றைத் தள்ளுகிற பைபேப். மற்றது, தொண்டைக்குள் குழாய் இறக்கி வைக்கிற வென்டிலேட்டர். சி.ஓ.பி.டி.காரர்களுக்கு, கரியமில வாயு ஏறி பி.எச். 7.35-க்குக் கீழே போகும்போது, முதலில் வைக்க வேண்டியது மாஸ்க்தான். மூச்சை இழுக்கும்போது மெஷின் ஒரு அழுத்தத்தோடு தள்ளிவிடும், களைத்த தசைக்கு ஓய்வு கிடைக்கும். விடும்போது அழுத்தம் குறையும், ஆனால் பூஜ்யத்துக்குப் போகாது, அந்த மிச்ச அழுத்தம் சின்னக் குழாய்கள் மூடிக்கொள்ளாமல் பிடித்து வைக்கும், அடுத்த மூச்சைத் தொடங்குகிற சிரமத்தையும் குறைக்கும். மயக்க ஊசி இல்லை, தொண்டையில் குழாய் இல்லை, நடுநடுவே கழற்றிவிட்டு இரண்டு வாய் தண்ணீர் குடிக்கலாம், பேரனைத் திட்டலாம்.

1995-ல் பிரான்ஸ், இத்தாலி, ஸ்பெயின் ஆஸ்பத்திரிகளில் 85 நோயாளிகளை இரண்டு பிரிவாகப் பிரித்துச் செய்த ஆராய்ச்சி வெளிவந்தது. மாஸ்க் இல்லாத பிரிவில் 74 சதவீதம் பேருக்குத் தொண்டையில் குழாய் போட வேண்டி வந்தது, மாஸ்க் வைத்த பிரிவில் 26 சதவீதம். மரணம் 29 சதவீதத்திலிருந்து 9-க்கு இறங்கியது. அது ஐ.சி.யு. கணக்கு என்று சொல்வார்களே, அதற்கும் பதில் இருக்கிறது: 2000-ல் இங்கிலாந்தில் சாதாரண வார்டுகளிலேயே 236 பேருக்குச் செய்து பார்த்தார்கள், மரணம் 20 சதவீதத்திலிருந்து 10 ஆனது. மூச்சுக்கோளாறு சிகிச்சையில் இவ்வளவு தெளிவாகப் பலன் தெரிகிற விஷயங்கள் ரொம்பக் குறைவு. இதைத்தான் நம் ஆட்கள் 'கடைசி மெஷின்' என்று நினைத்துக் கையெழுத்துப் போட்டு மறுத்துவிட்டு வருகிறார்கள். கடைசியில் வைத்தால் அது வேலை செய்யவும் செய்யாது, தசை களைக்க ஆரம்பிக்கும்போதே வைத்தால்தான் முழுப் பலன்.

மளிகைக் கடைத் தாத்தா வீட்டிலும் அதே கதைதான். "மெஷின் வேணாம் சிஸ்டர், அப்பாவை நிம்மதியா விட்ருங்க" என்று மூத்த மகன் கதவருகே நின்றுகொண்டு டியூட்டி நர்ஸிடம் சொல்கிறார். மாஸ்க்கை அவர் கையில் கொடுத்து, மூக்கருகே வைத்துப் பார்க்கச் சொன்னேன். வைத்தார், காற்று முகத்தில் அடித்தது, "இவ்வளவுதானா?" என்றார். அவ்வளவுதான். அதற்குப் பிறகு நாங்கள் எல்லாரும் தாத்தாவின் முகத்தோடு மல்லுக்கு நின்றோம். பாட்டி சாயந்தரம்தான் இரண்டு கன்னத்திலும் தனாக்கா, அதாவது இங்கே எல்லாரும் முகத்தில் பூசுகிற மரப்பட்டைச் சாந்து, பூசிவிட்டிருந்தார், அது காய்ந்து பொருக்குத் தட்டியிருந்தது, அதன் மேல் மாஸ்க் ஒட்டவே ஒட்டாது. ஈரத்துணியால் துடைத்தோம். நெற்றித் திருநீற்றை மட்டும் துடைக்க வேண்டாம் என்று பாட்டி கண்ணாலேயே கேட்டார், அந்த மாஸ்க்குக்கு நெற்றியில் பட்டை இல்லாததால் அது பிழைத்தது.

எடுத்த எடுப்பில் வாரைப் போட்டு இறுக்கக்கூடாது. மூச்சுத் திணறுகிறவனின் முகத்தில் எதையாவது கட்டினால் அவன் பிய்த்து எறியத்தான் செய்வான். குறைந்த அழுத்தத்தில் தொடங்கி, மாஸ்க்கைக் கையால் பிடித்துக்கொண்டு, அவர் இழுக்கும்போது மெஷினும் தள்ளுகிறதா என்று காதை வைத்துக் கேட்டு, இரண்டும் சேர்ந்து வர ஆரம்பித்த பிறகுதான் வாரைப் போட வேண்டும், அதுவும் வாருக்கும் கன்னத்துக்கும் நடுவில் இரண்டு விரல் நுழைகிற அளவுக்கு. ரொம்ப இறுக்கினால் மறுநாள் மூக்குத் தண்டில் புண், புண் வந்தால் மாஸ்க்கே வேண்டாம் என்பார்கள். அழுத்தத்தைப் படிப்படியாக ஏற்ற வேண்டும், ஏற்றாமல் ஆரம்பித்த இடத்திலேயே விட்டுவிட்டு 'மாஸ்க் பலிக்கவில்லை' என்று எழுதி வைக்கிற சோம்பேறித்தனத்தையும் பார்த்திருக்கிறேன். முதல் ஒரு மணி நேரம் யாராவது ஒருவர் பக்கத்திலேயே இருந்தாக வேண்டும். ஒரு மணி நேரம் கழித்து ரத்த வாயுவை மறுபடி பார்த்தபோது பி.எச். 7.28, கரியமில வாயு 70-களில். விடியும்போது ஆள் முழித்துவிட்டார். பல் செட்டைக் கொடுங்கள் என்றார், அதைப் போட்டதும் குழிந்த கன்னம் நிறைந்து மாஸ்க் இன்னும் நன்றாகப் பொருந்தியது. காலையில் மொஹிங்கா, அதாவது பர்மா மீன் குழம்பு நூடுல்ஸ், வேண்டும் என்று அடம், கிடைக்கவில்லை, எல்லாருக்கும் திட்டு விழுந்தது.

இன்னொரு வீட்டில் நடந்ததையும் சொல்லிவிடுகிறேன், ஏனென்றால் இது உயிர் போகிற விஷயம். வீட்டில் வைக்கிற மாஸ்க்கில் முன்பக்கம் சின்னச் சின்ன ஓட்டைகள் இருக்கும், அதிலிருந்து காற்று சீறிக்கொண்டே இருக்கும். 'காற்று வீணாகிறதே' என்று ஒரு புத்திசாலிப் பிள்ளை பிளாஸ்டர் ஒட்டி அடைத்துவிட்டான். நோயாளி விடுகிற கரியமில வாயு வெளியே போவதே அந்த ஓட்டை வழியாகத்தான்! அடைத்தால் விட்டதையே திரும்ப இழுப்பார். நல்லவேளை, அன்றைக்கே கண்ணில் பட்டது.

மாஸ்க் எல்லாருக்கும் பலிக்காது என்பதையும் மறைக்கக் கூடாது. வாந்தி எடுத்துக்கொண்டே இருக்கிறவர், முகத்தில் அடிபட்டவர், மூச்சே நின்றுபோகிற நிலையில் இருக்கிறவர், மாஸ்க் வைத்தும் பி.எச். இறங்கிக்கொண்டே போகிறவர், இவர்களுக்குத் தொண்டைக் குழாய்தான் வழி. அங்கே நோயாளியைவிட மெஷினை ஓட்டுகிறவருக்குப் பொறுமை வேண்டும். இந்த நுரையீரலுக்கு மூச்சை வெளியே விட நேரம் வேண்டும், ஆகவே நிமிஷத்துக்குக் குறைவான மூச்சு, இழுக்க ஒரு பங்கு நேரம் என்றால் விட மூன்று நான்கு பங்கு நேரம். புதிதாக வந்த பையன்கள் பயத்தில், கையால் அமுக்கி மூச்சு கொடுக்கிற பையை மளமளவென்று அமுக்குவார்கள், காற்று உள்ளே அடைந்து அடைந்து இதயத்துக்கு ரத்தம் திரும்ப முடியாமல் ரத்த அழுத்தம் விழுந்துவிடும், உடனே மருந்தைத் தேடி ஓடுவார்கள். அந்த நேரத்தில் குழாயிலிருந்து பையைக் கொஞ்சம் கழற்றிவிட்டு, சிக்கிய காற்று புஸ்ஸென்று வெளியே வர விட்டால் பல சமயம் ரத்த அழுத்தம் தானாக ஏறும். இன்னொன்று, பல வருஷமாக 60-ல் இருந்து பழகிய கரியமில வாயுவை ஒரே ராத்திரியில் 40-க்குக் கொண்டுவந்து சாதனை செய்யக் கூடாது. அவர் உடம்பு அந்த 60-க்கு ஏற்ப உப்புக் கணக்கைச் சரிசெய்து வைத்திருக்கும், மெஷினை எடுத்ததும் அவரால் அந்த 40-ஐக் காப்பாற்ற முடியாது.

குழாய் போட்டால் எடுக்கவே முடியாது என்கிறார்களே, அது பொய். சி.ஓ.பி.டி. முற்றி வென்டிலேட்டரில் போனவர்களில் பெரும்பாலோர் உயிரோடுதான் வெளியே வருகிறார்கள். சிலருக்கு நாளாகும், அதுவும் உண்மை. அப்படி இழுத்துக்கொண்டே போகிறவர்களுக்கு, முழுதாகத் தேறும்வரை காத்திருக்காமல் குழாயை எடுத்துவிட்டு உடனே மாஸ்க்குக்கு மாற்றலாம் என்று 1998-லேயே இத்தாலியில் 50 பேரை வைத்துச் செய்த ஆராய்ச்சி காட்டியது: இரண்டு மாதம் கழித்து உயிரோடு இருந்தவர்கள் மாஸ்க்குக்கு மாற்றிய பிரிவில் 92 சதவீதம், குழாயிலேயே வைத்த பிரிவில் 72. மெஷின் என்பதே ஆரம்பத்திலிருந்து கெட்ட நாளைத் தாண்ட வைக்கிற ஏற்பாடுதான். 1952-ல் கோபன்ஹேகனில் போலியோ பரவி மூச்சுத்தசை செயலிழந்து நோயாளிகள் குவிந்தபோது, போதிய மெஷின் இல்லாமல், சுமார் 1,500 மருத்துவ மாணவர்கள் முறை போட்டு ராத்திரி பகலாகக் கையால் பையை அமுக்கிக் காப்பாற்றினார்கள். இன்றைக்கு இருக்கிற ஐ.சி.யு.க்களே அதிலிருந்து வந்தவைதான். சி.ஓ.பி.டி. முழுசாகக் குணமாகாது, ஆனால் திடீரென்று முற்றிய அந்த ஒரு தாக்குதல் இறங்கிவிடும், அதுவரைக்கும்தான் மெஷின்.

இதெல்லாம் சொல்வதால் எல்லாருக்கும் குழாய் போட்டே தீர வேண்டும் என்கிற கட்சி இல்லை நான். நோய் ரொம்ப முற்றி, கட்டிலை விட்டு இறங்கவே முடியாமல், பல தடவை ஐ.சி.யு. பார்த்துச் சலித்த ஒருவர் 'எனக்குக் குழாய் வேண்டாம்' என்று சொன்னால் அதை மதிக்க வேண்டும். அப்போதும் மாஸ்க் வைக்கலாம், அதற்கு மேலே போக மாட்டோம் என்று முன்கூட்டியே எழுதி வைத்துக்கொள்ளலாம். என் கோபமெல்லாம், அவரிடம் யாரும் கேட்பதே இல்லை என்பதுதான். நல்லா இருக்கிற நாளில் கேட்டால் 'அபசகுனம்' என்கிறோம். அவர் மயங்கிய பிறகு ஐ.சி.யு. வாசலில் மூத்த மகன், மாப்பிள்ளை, சித்தப்பா, அயல்நாட்டிலிருந்து போனில் தங்கச்சி என்று ஆளுக்கொரு தீர்ப்பு. பணம் இல்லை என்றால் பணம் இல்லை என்று நேராகச் சொல்லலாம், அதில் வெட்கம் ஒன்றுமில்லை, எங்கள் ஊரில் ஐ.சி.யு. செலவு தாங்குகிற குடும்பங்கள் விரல்விட்டு எண்ணுகிற அளவுதான். 'மெஷின் ஆளைக் கொல்லும்' என்று ஒரு சாக்குச் சொல்லிப் பரப்புவதுதான் கெடுதல், அது நாளைக்கு மாஸ்க்கிலேயே பிழைக்க வேண்டியவனையும் தடுத்துவிடுகிறது.

வீட்டில் வைக்கிற மெஷின் பற்றி நிறையப் பேர் கேட்கிறார்கள். ஆஸ்பத்திரியிலிருந்து வந்த எல்லாருக்கும் அது தேவையில்லை. தாக்குதல் இறங்கி இரண்டு முதல் நான்கு வாரம் கழித்தும் கரியமில வாயு இறங்காமல் நிற்கிறவர்களுக்குத்தான் பலன். 2017-ல் பிரிட்டனிலிருந்து வந்த ஆராய்ச்சியில் அப்படிப்பட்ட 116 பேரில், வீட்டில் ஆக்சிஜனோடு மெஷினும் வைத்தவர்கள் மறுபடி ஆஸ்பத்திரியில் சேரவோ இறக்கவோ ஆன இடைவெளி சுமார் 4.3 மாதம், ஆக்சிஜன் மட்டும் வைத்தவர்களுக்கு 1.4 மாதம். சரி, பிரிட்டனில் கரண்ட் போவதில்லை, இங்கே முறை வைத்துத்தான் வருகிறது. "மீ லா பீ", அதாவது கரண்ட் வந்துவிட்டது, என்று தெருப் பிள்ளைகள் கத்தும்போது அரிசிப் பானைக்கும் தண்ணீர் மோட்டாருக்கும் முன்னால் இன்வெர்ட்டர் பேட்டரி சார்ஜ் ஏறுகிறதா என்று பாருங்கள். 5 லிட்டர் கான்சன்ட்ரேட்டர் 350 வாட் வாக்கில் இழுக்கும், பேட்டரியைச் சீக்கிரம் குடித்துவிடும். பைபேப் அதைவிட ரொம்பக் குறைவு, அதிலும் தண்ணீர் சூடாக்குகிற பகுதியை அணைத்துவிட்டால் இன்னும் நேரம் தாங்கும். ஆகவே கரண்ட் இல்லாத நேரத்துக்கு பைபேப்பை பேட்டரியிலும், ஆக்சிஜனைச் சின்னச் சிலிண்டரிலும் வைத்துக்கொள்வது புத்திசாலித்தனம். பேட்டரியும் தீர்ந்து மெஷின் நின்றுவிட்டால், முதல் வேலை மாஸ்க்கைக் கழற்றுவது, நின்றுபோன மெஷினோடு மாஸ்க் முகத்தில் இருக்கவே கூடாது. ஆக்சிஜன் ஓடுகிற அறையில் மெழுகுவர்த்தி வேண்டாம், சாமி விளக்கும் வேண்டாம், அடுத்த அறையில் ஏற்றிக்கொள்ளுங்கள், முருகன் கோபித்துக்கொள்ள மாட்டார். ஜெனரேட்டரை ஜன்னலுக்குக் கீழே வைத்து அதன் புகையையே நோயாளிக்கு ஊட்டுகிற வீடுகளைப் பற்றித் தனியாக ஒரு கடிதம் எழுதலாம்.

புகை என்றதும் ஒன்று. சுருட்டே தொடாத பாட்டிகளுக்கும் இந்த நோய் வருகிறது, விறகடுப்பும் கரியடுப்பும் ஊதி ஊதி வந்தது. 2021-ல் உலகம் முழுக்க 35 லட்சம் பேர் சி.ஓ.பி.டி.யில் இறந்தார்கள் என்று உலக சுகாதார நிறுவனம் கணக்குச் சொல்கிறது, எழுபது வயதுக்குள் இதில் இறக்கிறவர்களில் பத்துக்கு ஒன்பது பேர் நம்மைப் போன்ற ஏழை, நடுத்தர நாட்டுக்காரர்கள். 'பாட்டிக்கு இழுப்பு, வயசாச்சு' என்று விட்டுவிடாமல் ஒரு தடவை ஊதிப் பார்க்கிற ஸ்பைரோமெட்ரி பரிசோதனை செய்துவிடுங்கள்.

ஆசிரியருக்கு ஒரு வேண்டுகோள். சிகிச்சையை மறுத்தவர்களின் கடிதத்தைப் போடுங்கள், வேண்டாம் என்று சொல்லவில்லை, அவர்களுக்கும் சொல்ல வேண்டியது இருக்கும். ஆனால் 'நீங்களும் இப்படியே செய்யுங்கள்' என்று முடிகிற கடிதமாக இருந்தால், நுரையீரல் டாக்டர் ஒருவரிடம் காட்டி, அவர் சொல்வதை நான்கு வரி கீழே சேர்த்துப் போடுங்கள். அப்புறம், அந்த வாசகர் வீட்டில் அந்தக் கான்சன்ட்ரேட்டர் இன்னும் இருக்கும், சீக்கிரமே யாராவது இரவல் கேட்டு வருவார்கள். கொடுக்கும்போது 88-லிருந்து 92 வரை என்று ஒரு சீட்டில் எழுதி அதன் மேல் ஒட்டிக் கொடுக்கச் சொல்லுங்கள்.

இப்படிக்கு,
ஓய்வு பெற்ற நர்ஸ் ஒருத்தி,
ரங்கூன்.